ஊர்கூடிச் சொன்ன சொல்

இமையத்தின் ‘பெத்தவன்’ நெடுங்கதை 2012இல் வெளிவந்தது. அவ்வாண்டு நவம்பரிலேயே தருமபுரி நத்தம் காலனி எரிந்தமையால், பலரும் அதனைச் சாதிக் கொடுமையின் முன்னறிவிப்பாக வாசித்தனர். அதில் பிழையில்லை. எனினும் கள்ளக்குறிச்சிப் பகுதியில் வாழும் நம்மை அக்கதை வேறொரு வகையில் உறுத்துகிறது. தனியே இருக்கையில் எவரும் துணியாத ஒரு முடிவு, பலர் கூடிப் பேசும்போது எப்படிப் பிறக்கிறது?

தலித் இளைஞனை விரும்பிய பாக்கியத்தைக் கொன்றுவிட வேண்டுமென ஊரார் அவள் தந்தை பழனியிடம் வாக்குக் கேட்கின்றனர். அவரும் தருகிறார். இக்காட்சியை இமையம் ஏறத்தாழ உரையாடலாலேயே நடத்துகிறார். நம் நடுநாட்டுப் பேச்சு, வசையோடு, காதில் விழுகிறது. ஒருவர் சொன்னதைவிட அடுத்தவர் ஒரு படி கடுமையாகச் சொல்ல வேண்டியிருக்கிறது; தணித்துப் பேசினால் அவருடைய மானமே ஐயத்துக்குள்ளாகும். கதையின் உயிர் இந்த ஏற்றத்தில்தான் இருக்கிறது. பேசுவோர் பலருக்குத் தனிமுகம் இல்லாதது மட்டும் நமக்குக் குறையாகப் படுகிறது. அன்றிரவு உறக்கமின்றிப் புரண்ட ஒருவனை விரிவாகக் காட்டியிருந்தால், ஊர் இன்னும் அச்சமூட்டும் ஊராகியிருக்கும்.

கூட்டத்தின் நடுவில் பழனிக்குக் கிட்டாத சொல், வீட்டின் இருட்டில் கிட்டிவிடுகிறது. மகளை அனுப்பிவிட்டுத் தாம் நஞ்சுண்டு இறக்கிறார். ஊருக்கு எதிராகச் சிந்திக்க முடிந்த மனிதருக்கு, ஊருக்கு எதிராகப் பேச முடியவில்லை.

1950களில் சாலமன் ஆஷ் என்னும் அமெரிக்க உளவியலார் கோடுகளின் நீளத்தை ஒப்பிடச் சொல்லி ஒரு சோதனை நடத்தினார். உடனிருந்தவர் அனைவரும் வேண்டுமென்றே தவறாகச் சொல்ல, கண்ணெதிரே தெரிந்ததையும் மறுத்துப் பலர் அவர்களோடு சேர்ந்தனர். ஒரேயொருவர் சரியாகச் சொன்னபோதோ, அவ்வாறு இணங்கிப்போவது ஏறத்தாழக் கால்பங்காகக் குறைந்தது. பழனிக்கு அந்த ஒருவர் வாய்க்கவில்லை.

கூடிப் பேசுவதே தீது என்று நாம் சொல்லவில்லை. கல்வராயன் மலையூர்களில் மலையாளிப் பழங்குடியினர் ஊர்க்கவுண்டர் முன்னிலையில் கூடி வழக்குகளைப் பேசித் தீர்த்துவந்தனர். நம் திருச்சபையும் அன்பியங்களை அமைத்தது, சிறு குழுவில் எளியவரும் வாய்திறப்பர் என்னும் நம்பிக்கையால்தான். ஆனால் அன்பியம் பெரும்பாலும் தெருவாரியாக அமைகிறது. தெருவோ நம் ஊர்களில் சாதிவாரியாக அமைந்திருக்கிறது. ஒரே தெருவார் ஒரே விவிலியப் பகுதியை வாசித்து, ஒருவர் சொன்னதை மற்றவர் ஆமோதித்துக் கலைகையில், இறைவார்த்தையும் அத்தெருவின் குரலிலேயே ஒலித்துவிடக் கூடும்.

இது வெறும் ஊகமன்று. உளுந்தூர்ப்பேட்டையை அடுத்த எறையூரில், 2008 மார்ச்சில், தனிப்பங்கு கேட்ட தலித் கிறிஸ்தவர்க்கும் வன்னியக் கிறிஸ்தவர்க்கும் இடையே மோதல் மூண்டது. காவல்துறையின் துப்பாக்கிச் சூட்டில் இருவர் இறந்தனர். இரு தரப்பாரும் கத்தோலிக்கர். ஒரே செபமாலையைச் செபித்தவர்கள். அதற்கு முந்தைய மாதங்களில் எத்தனை திண்ணைகளில் எத்தனை பேர் கூடிப் பேசியிருப்பர், தணித்துப் பேச எண்ணி வாய்மூடியவர் எத்தனை பேர் என்பதை எழுத இன்னொரு இமையம் வேண்டும்.

‘பெத்தவன்’ கதையை அன்பியக் கூட்டமொன்றில் வாசிக்கலாமா என்று நாம் ஒருமுறை கேட்டோம். வசைச்சொற்கள் மிகுதி என்றார் ஒருவர். ஆமாம் என்றனர் மற்றவர். வசைச்சொற்கள் மிகுதிதான். நாமும் தலையசைத்துவிட்டு வந்தோம்.