ஏ.கே. செட்டியாரின் மௌனம்

ஏ.கே. செட்டியாரைப் பற்றிப் பேசுகிறவர்கள் இப்போது ஒரே புகழ்ச்சியைத்தான் திரும்பத் திரும்பச் சொல்கிறார்கள்: அவர் எழுத்தில் அவரே இருக்க மாட்டார். இலக்கியக் கூட்டங்களிலும் புத்தகத் திருவிழா மேடைகளிலும் இது பாராட்டு என்ற அளவைத் தாண்டி, இலக்கணமாகவே ஆகிவிட்டது. பத்திரிகையாளன் என்றால் செட்டியாரைப் போல விலகி நிற்க வேண்டும், கண்டதைச் சொல்லிவிட்டு ஒதுங்கிக்கொள்ள வேண்டும் என்கிறார்கள். பக்கத்துக்குப் பக்கம் ‘நான்’ என்று எழுதும் இன்றைய பயணக் கட்டுரைகளைப் படித்துச் சலித்தவர்களுக்கு இது ஆறுதலாக இருக்கலாம். ஆனால் எழுத வருகிற இளைஞர்களுக்கு இது தவறான பாடம்.

அவர் சாதனையில் எனக்குச் சந்தேகமில்லை. காரைக்குடிக்குப் பக்கத்தில் கோட்டையூரில் 1911-ல் பிறந்தவர். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக்கலை படித்துவிட்டு, 1937-ல் டப்ளின் செல்லும் கப்பலில் இருந்தபோது காந்தியைப் பற்றி ஆவணப்படம் எடுக்க முடிவு செய்தார். அப்போது அவருக்கு இருபத்தாறு வயது நிறையவில்லை. ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் அலைந்து, பல நாடுகளில் பலர் எடுத்துவைத்திருந்த படச்சுருள்களை ஐம்பதாயிரம் அடி அளவுக்குத் திரட்டி, அதைப் பன்னிரண்டாயிரம் அடியாக வெட்டித் தொகுத்து 1940-ல் தமிழில் வெளியிட்டார். வெள்ளைக்காரன் ஆட்சியில், போர் நடந்துகொண்டிருந்த நேரத்தில் இதைச் செய்தார். பிறகு 1943 முதல் 1983-ல் இறக்கும்வரை ‘குமரி மலர்’ இதழை ஏறக்குறைய ஒற்றை ஆளாக நடத்தினார். பழைய தமிழ் இதழ்களில் கிடந்த எத்தனையோ கட்டுரைகள் அதில் மறுபிரசுரம் ஆனதால்தான் இன்று நமக்குக் கிடைக்கின்றன. அவர் உரைநடையில் ஒரு சொல்கூட மிகையாக வராது. இதிலெல்லாம் வாதமே இல்லை.

என் மறுப்பு வேறு. அது பல ஆண்டுகளாக மனத்தில் இருப்பது. அவர் மறைந்து நின்றதை அடக்கம் என்று மட்டும் வாசித்துப் பழகிவிட்டோம். ஆனால் அந்த அடக்கத்துக்கு ஒரு விலை உண்டு. அதைக் கொடுத்தவர் அவரல்ல, வாசகர்.

செட்டியார் இளமையில் ரங்கூனிலிருந்து வந்த ‘தனவணிகன்’ இதழின் ஆசிரியராக இருந்தவர். பெயரே சொல்வதுபோல அது அவர் சமூகமான நகரத்தாரின், அதாவது நாட்டுக்கோட்டைச் செட்டியார்களின், இதழ். அந்த ஆண்டுகளில் பர்மாவில் என்ன நடந்தது? உலகப் பெருமந்தத்தில் நெல் விலை சரிந்தது. கடன் வாங்கிய விவசாயிகளால் வட்டி கட்ட முடியவில்லை; அடமானம் வைத்த நிலங்கள் கடன் கொடுத்த செட்டியார்கள் கைக்குப் போயின. கீழ்ப் பர்மாவின் பதின்மூன்று முக்கிய நெல் மாவட்டங்களில் செட்டியார்கள் வசமிருந்த நிலம் 1930-ல் நூற்றுக்கு ஆறு பங்கு. 1938-ல் நூற்றுக்கு இருபத்தைந்து பங்கு. ரங்கூன் துறைமுகத்தில் இந்தியக் கூலிகள் தாக்கப்பட்டதும், சாயா சான் தலைமையில் விவசாயிகள் கிளர்ந்ததும் இதே காலத்தில்தான். 1942-ல் ஜப்பானியர் வந்தபோது லட்சக்கணக்கான இந்தியர்கள் கால்நடையாகவும் கப்பலிலும் ஊர் திரும்பியதற்கும் அந்தக் கசப்புக்கும் தொடர்பு இருந்தது. சிவகங்கை, இராமநாதபுரம், மதுரைச் சீமைகளில் அந்தக் கதை இல்லாத ஊர் குறைவு. செட்டிநாட்டு வீடுகளின் பர்மாத் தேக்குத் தூண்களை இன்றும் சுற்றுலாக்காரர்கள் படம் பிடிக்கிறார்கள். அந்தத் தேக்கோடு வந்த கணக்கை யாரும் கேட்பதில்லை.

இந்தக் கணக்கை உள்ளிருந்து எழுதக்கூடிய இடத்தில் இருந்தவர் ஏ.கே. செட்டியார். வட்டிக்கடைக் கிட்டங்கி எப்படி நடக்கிறது, அதை நடத்தும் முகவரான மேலாள் எப்படி நடந்துகொள்கிறார், வேலை பழகும் பெட்டியடிப் பையன் எப்படி உருவாகிறான் என்பதெல்லாம் அவர் பார்த்து வளர்ந்த உலகம். மொழி தெரியும், ஆட்களைத் தெரியும், கையில் பத்திரிகை இருந்தது. ஜப்பானைப் பற்றியும் அமெரிக்காவைப் பற்றியும் ஐரோப்பாவைப் பற்றியும் நூல்கள் எழுதினார், கரிபியன் கடலும் கயானாவும் நூலாயின, குடகும் நூலாயிற்று. தன் சமூகம் பர்மாவில் எதைக் கொடுத்தது, எதை எடுத்தது என்று தன் கண்ணால் விசாரிக்கும் நூல் மட்டும் அவரிடமிருந்து வரவில்லை. இதை அடக்கம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

அவர் காலத்துக்குச் சற்று முந்திய ஆல்பர் லோந்தர் என்ற பிரெஞ்சுப் பத்திரிகையாளரைப் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். அவரும் கப்பலும் குறிப்பேடுமாக வாழ்ந்தவர். 1932-ல் ஏடன் வளைகுடாவில் கப்பல் தீப்பிடித்தே இறந்தார். 1923-ல் பிரெஞ்சுக் கயானாவின் கைதிகள் குடியேற்றத்துக்குப் போய், பாரிஸ் நாளிதழில் தொடராக எழுதினார். கைதிகள் எப்படி இருந்தார்கள் என்று வருணித்ததோடு நிற்கவில்லை. இதை இப்படியே விடக்கூடாது என்று குடியேற்ற நாடுகளின் அமைச்சருக்கே பகிரங்கக் கடிதம் எழுதித்தான் நூலை முடித்தார். பின்னர் ஆப்பிரிக்காவுக்குப் போய், காங்கோவில் ரயில் பாதைக்காகக் கட்டாய வேலைக்கு இழுத்துவரப்பட்ட கறுப்பர்கள் ஆயிரக்கணக்கில் சாவதை 1929-ல் எழுதினார். சொந்த நாட்டின் பெருமைக்கு இழுக்கு என்று அவரை ஏசினார்கள். அவர் சம்பவங்களைச் சற்றே கூர்தீட்டிச் சொல்லக்கூடியவர்தான்; உரையாடல்களைச் செதுக்கியிருப்பார் என்ற சந்தேகமும் நியாயமானது. ஆனாலும் அவர் எங்கே நின்று பார்க்கிறார், யாரிடம் பேசினார், எதனால் கோபப்பட்டார் என்பதெல்லாம் வாசகனுக்குத் தெரியும். தெரிவதால் அவரோடு சண்டை போட முடியும். செட்டியாரோடு சண்டை போட முடியாது. அவர் பிடிகொடுப்பதே இல்லை.

‘குமரி மல’ரிலும் இதே குறைதான். பழைய கட்டுரையைத் தேடி எடுத்துக் கொடுப்பார். அது யாருக்குப் பதிலாக எழுதப்பட்டது, எழுதியவர் எந்தக் கட்சி, அதில் எது பின்னாளில் பொய்த்தது என்று ஆசிரியர் சொல்வது குறைவு. தேர்ந்தெடுத்ததே அவர் கருத்து என்று வாதாடுகிறார்கள். இருக்கலாம், ஆனால் எதை விட்டுத் தேர்ந்தெடுத்தார் என்று தெரியாதபோது அந்தக் கருத்தை வாசகன் எப்படி எடைபோடுவான்?

மறைந்து நிற்கும் இந்தக் குறைக்கு அவரே பதில் வைத்திருக்கிறார் என்பதுதான் வருத்தம். காந்திப் படம் எடுத்த கதையைப் பல ஆண்டுகள் கழித்துக் ‘குமரி மல’ரில் எழுதினார், அவர் இறந்து இருபது ஆண்டுக்குப் பின், 2003-ல், ஆ.இரா. வேங்கடாசலபதி பதிப்பில் அது ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்று நூலானது. தேடி அலைகிற ஒரு மனிதர் அதில் நம் கண்ணில் படுகிறார். அதனால்தான் அவர் நூல்களில் அதுவே உயிருள்ளது.

இதையெல்லாம் ஒரு பழைய ஆசிரியரின் மேல் குற்றப்பத்திரிகையாக எழுதவில்லை. மதுரை வட்டாரத்தில் செய்தி எழுதுகிறவர்களைப் பார்த்துத்தான் எழுதுகிறேன். 1997 ஜூன் 30-ல் மேலவளவில் ஊராட்சித் தலைவர் முருகேசனையும் உடன் இருந்தவர்களையும் பஸ்ஸை மறித்து வெட்டிக் கொன்றார்கள். தனித்தொகுதியில் தலித் ஒருவர் தலைவரானதே காரணம். உத்தபுரத்தில் தலித்துகளின் வழியை மறித்த சுவரில் ஒரு பகுதி 2008-ல்தான் இடிக்கப்பட்டது. இப்படிப்பட்ட ஊர்களுக்குப் போகிற நிருபர் ‘இரு தரப்பினரிடையே மோதல்’ என்று எழுதிவிட்டு ஒதுங்கினால், அடித்தவனும் அடிபட்டவனும் ஒரே தட்டில் உட்கார்ந்துவிடுகிறார்கள். சுவருக்கு எந்தப் பக்கம் நின்று பார்த்தேன் என்று எழுதுவது தற்பெருமை ஆகாது. செய்தியின் பாதி அதில்தான் இருக்கிறது. விலகி நிற்பதே அறம் என்று அவர்களுக்குக் கற்பிக்கிறவர்கள் செட்டியாரின் பெயரைச் சாட்சிக்கு இழுப்பதை நிறுத்த வேண்டும்.

பதிப்பாளர்களுக்கும் பல்கலைக்கழகத் தமிழ்த் துறைகளுக்கும் ஒரு வேண்டுகோள். செட்டியாரின் பயண நூல்களை இன்னொரு முறை அச்சிடுவதற்கு முன், அவர் ஆசிரியராக இருந்த காலத்துத் ‘தனவணிகன்’ இதழ்களைத் திரட்டி, ஆண்டுவாரியாக, பர்மாவின் நிலக்கணக்கோடும் அரசியலோடும் சேர்த்துக் குறிப்பு எழுதிப் பதிப்பியுங்கள்.