கனவுக்குள் நுழைய யாரைக் கேட்க வேண்டும்?

மிலோராத் பாவிச்சின் ‘கசார்களின் அகராதி’ பற்றி யார் பேசினாலும் முதலில் வடிவத்தைத்தான் சொல்வார்கள். 1984இல் செர்பிய மொழியில் வந்த இந்த நாவல், அகராதி போலப் பதிவு பதிவாக எழுதப்பட்டது. எங்கிருந்து வேண்டுமானாலும் படிக்கலாம். ஆண் பிரதி, பெண் பிரதி என்று இரண்டு உண்டு. இரண்டுக்கும் ஒரே ஒரு பத்திதான் வித்தியாசம். சுவாரசியம்தான், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் பேச்சு இதோடு நின்றுவிட்டால் நாவல் வெறும் புத்திசாலித்தனமான பொம்மை ஆகிவிடும். அதன் உயிர் வேறு இடத்தில், கனவு வேட்டையர் என்ற குருமார் கூட்டத்தில் இருக்கிறது.

கசார்கள் நிஜமாகவே இருந்தவர்கள். காஸ்பியன் கடலுக்கும் கருங்கடலுக்கும் இடைப்பட்ட நிலத்தை ஆண்டவர்கள். அவர்களுடைய ஆளும் வர்க்கம் யூத மதத்தைத் தழுவியது. 10ஆம் நூற்றாண்டில் அரசு சரிந்தது. பாவிச் இதிலிருந்து தன் கதையைக் கட்டுகிறார். கசார் மன்னன் ஒரு கனவு காண்கிறான். அதற்கு விளக்கம் சொல்ல ஒரு கிறிஸ்தவர், ஒரு இஸ்லாமியர், ஒரு யூதர் என மூன்று பேரை அழைக்கிறான். யாருடைய விளக்கம் திருப்தி தருகிறதோ அவருடைய மதத்துக்கு மாறுவதாகப் பேச்சு. நாவலின் சிவப்பு, பச்சை, மஞ்சள் என்ற மூன்று பகுதிகளும் தத்தம் ஆள்தான் ஜெயித்ததாகச் சொல்கின்றன. மென்பொருள் வேலையில் இருப்பவர்களுக்கு இது பழக்கமான தலைவலி: ஒரே சம்பவம், மூன்று சர்வர்கள், மூன்று விதமான லாக். ராத்திரி முழுக்க உட்கார்ந்து எது சரி என்று கண்டுபிடிப்போம். பாவிச்சிடம் அந்த ‘சரி’ கிடையாது.

கனவு வேட்டையர்களுக்கு இளவரசி ஆதே புரவலர். அடுத்தவர் கனவுகளைப் படிப்பது, அவற்றுக்குள் புகுந்து வாழ்வது, தாங்கள் தேடும் ஆளையோ விலங்கையோ பொருளையோ அங்கே துரத்திப் பிடிப்பது, இதுதான் அவர்களுடைய தொழில். ஆதி மனிதனான ஆதாமின் உடல் எல்லா மனிதர்களின் கனவுகளிலும் சிதறிக் கிடக்கிறது என்பது அவர்கள் நம்பிக்கை. அந்தத் துண்டுகளைச் சேர்த்து அவன் உடலை மறுபடி உண்டாக்கவே அகராதி தொகுக்கிறார்கள். அவர்களில் தலைசிறந்தவன் மொகத்தசா அல் சாஃபர். கனவுகளின் அடியாழத்தில் கடவுள் இருக்கும் இடம்வரை போனவன். போய் வந்தபின் அவனால் ஒரு கனவைக்கூடப் படிக்க முடியவில்லை.

படிக்கும்போது மயங்கித்தான் போகிறோம். மயக்கம் தெளிந்ததும் ஒரு கேள்வி வருகிறது. இந்தக் கனவுகளைக் கண்டவர்கள் யார்? அவர்களிடம் யாராவது ஒரு வார்த்தை கேட்டார்களா? வேட்டைக்காரனுக்குப் பெயர் இருக்கிறது, வாழ்க்கை வரலாறு இருக்கிறது. தூங்கிக்கொண்டிருந்தவர்களில் பெரும்பாலோருக்கு ஒன்றுமே இல்லை.

இந்தக் கேள்வியை நேராகக் கேட்ட நாவல் மூன்று வருடம் முன்பே பக்கத்து நாட்டில் வந்திருந்தது. அல்பேனியாவில் 1981இல் வெளியாகி, வெளிவந்த கையோடு தடைசெய்யப்பட்ட இஸ்மாயில் கதாரேயின் ‘கனவுகளின் அரண்மனை’. அங்கே கனவைக் காப்பது ஒரு அரசு அலுவலகம். ஓட்டோமான் பேரரசு முழுவதிலிருந்தும் கனவுகள் எழுத்தில் வந்து சேர்கின்றன. தேர்வுப் பிரிவு, விளக்கப் பிரிவு என்று ஃபைல்போல நகர்கின்றன. வாரம் ஒரு தலைமைக் கனவு சுல்தானுக்குப் போகிறது. ஒரு காய்கறி வியாபாரி கண்ட கனவு, நாயகன் மார்க்-அலெமின் குடும்பத்தில் ரத்தம் சிந்த வைக்கிறது. அவனோ அதே அலுவலகத்தில் உச்சிக்குப் போகிறான்.

பாவிச்சின் குருமார்கள் அன்பினால் சேர்க்கிறார்கள், கதாரேயின் குமாஸ்தாக்கள் பயத்தினால் சேர்க்கிறார்கள். வித்தியாசம் பெரியதுதான். ஆனால் கனவு கண்டவனின் பக்கம் நின்று பார்த்தால், ரெண்டு பேரும் கதவைத் தட்டாமல்தான் உள்ளே வந்தார்கள்.

நாவலின் பலவீனமும் இங்கேதான். 17ஆம் நூற்றாண்டில் மூன்று பேர் அகராதியின் துண்டுகளை ஒன்றுசேர்க்க முயல்கிறார்கள். அதைத் தடுக்க ஒவ்வொரு மதத்தின் நரகத்திலிருந்தும் ஒரு சாத்தான் வருகிறான். யோசித்துப் பாருங்கள். முழு உண்மை யாருக்கும் சொந்தமில்லை என்று வடிவம் சொல்கிறது. முழுமையைத் தடுப்பவர்கள் சாத்தான்கள் என்று கதை சொல்கிறது. நாவல் தன்னோடு தானே சண்டை போடுகிறது. சிதறிய உடலை ஒட்டவைக்கும் ஆசை கடைசிவரை புனிதமாகவே மிஞ்சுகிறது.

இது வெறும் தத்துவச் சிக்கல் இல்லை. சொந்த நாட்டில் பெரும்பான்மையாக இருந்தும் கசார்கள் சிறுபான்மையினர்போல ஒடுங்கி வாழ்ந்ததாக நாவலில் ஒரு பதிவு வருகிறது. யூகோஸ்லாவியாவில் செர்பியர்களுக்கு இருந்த மனக்குறையின் உருவகமாக அதைப் படித்தவர்கள் உண்டு. 1991இல் அந்த நாடு உடைந்து போர் தொடங்கியது. போருக்கு நாவலைக் குற்றம் சொல்வது அபத்தம். ஆனாலும் சிதறிய உடலை ஒன்றாக்கும் கனவு எவ்வளவு அழகானதோ அவ்வளவு ஆபத்தானது என்பதை 1991க்குப் பிறகு படிக்கிற நாம் மறக்க முடியாது.

அப்படியென்றால் இதை ஏன் படிக்க வேண்டும்? என்னைக் கேட்டால், 1689இல் தன்யூப் கரையில் நடக்கும் ஒரு காட்சிக்காகவே படிக்கலாம். ஆவ்ராம் பிராங்கோவிச் என்ற கிறிஸ்தவப் பிரபு பகலில் தூங்குகிறார். சாமுவேல் கோஹென் என்ற துப்ரோவ்னிக் யூதன் இரவில் தூங்குகிறான். ஒருவரது விழிப்பு மற்றவரது கனவு. ஒருவரை ஒருவர் வருடக்கணக்கில் கனவு கண்டும் நேரில் பார்த்ததில்லை. சந்திக்கும் நாளில் போர் நடக்கிறது. தூக்கத்திலேயே பிராங்கோவிச் ஈட்டியால் குத்தப்பட, எதிரே நின்ற கோஹென் அப்படியே சரிகிறான், அந்தச் சாவைக் கனவாகக் காண்பதற்கு. பிறகு அவன் எழவில்லை. இந்த நாவலில் யாரும் யாரையும் வேட்டையாடாத உறவு இது ஒன்றுதான். இருவரும் சமமாகத் திறந்து கிடக்கிறார்கள்.

பக்கத்தில் மூன்றாமவன் நிற்கிறான்: யூசுஃப் மசூதி. வீணை போன்ற ஒரு வாத்தியம் வாசித்தவன், அதை விட்டுவிட்டு கனவு வேட்டைக்கு வந்தவன். கைதியான அவன் பாஷாவிடம் கேட்பது ஒரே ஒரு நாள் அவகாசம். தப்பிக்க இல்லை, கோஹெனின் கனவில் பிராங்கோவிச்சின் மரணத்தைப் பார்க்க. கிடைக்கிறது. பார்க்கிறான். அதன்பின் கொல்லப்படுகிறான்.

மசூதி அந்தக் கனவிலிருந்து எதையும் எடுத்துப் போகவில்லை. அகராதியில் சேர்க்க அவனுக்கு நேரமும் இல்லை. வேட்டைக்காரனாக வந்தவன் கடைசி நாளில் வெறும் வாசகனாக உட்கார்ந்திருக்கிறான். அந்தக் கூட்டத்தின் ஆதாம், முழுமை, புனித வேலை எதையும் நான் நம்பவில்லை. அந்த ஒரு நாளை நம்புகிறேன்.