கணக்கில் சேராத விறகுக்கட்டு

கண்டியிலிருந்து நுவரெலியாவுக்கு ஏறும் பாதையில் இறம்பொடையை அடைகின்ற எவரும் அங்கே சற்று நின்றே செல்வர். 109 மீற்றர் உயரத்திலிருந்து விழும் அருவி ஒரு புறம். கீழே பள்ளத்தாக்கில், 1985ஆம் ஆண்டு நிறைவு பெற்ற கொத்மலை நீர்த்தேக்கம் மறு புறம். இயற்கையின் எழிலையும் மனிதனின் ஆற்றலையும் ஒருங்கே காட்டும் இவ்விடத்தைப் பற்றிய வருணனைகளுக்குக் குறைவில்லை. ஆனால் மாலை வேளையில் அதே பாதையில் நின்று பார்ப்பவர்க்கு வேறொரு காட்சியும் புலப்படும். பகலெல்லாம் கொழுந்தெடுத்த பெண்கள், தலையில் விறகுக்கட்டைச் சுமந்துகொண்டு லயங்களை நோக்கி நடக்கின்றனர். அருவியைக் கண்ட கண் இந்தப் பெண்ணை ஏன் காணவில்லை என்று நம் இலக்கியத்தை நோக்கி முற்போக்கு விமர்சனம் நெடுங்காலமாகக் கேட்டு வந்துள்ளது. அதே கேள்வியை இன்று வேறொரு வகை எழுத்தை நோக்கியும் கேட்க வேண்டியிருக்கிறது. நாட்டின் எதிர்காலத்தை எண்களால் எழுதும் திட்ட அறிக்கைகளையே நாம் குறிப்பிடுகின்றோம்.

‘காபன் குறைந்த சமுதாயம்’ என்ற சொற்றொடர் இன்று அறிவாளர் மத்தியிலே பெரிதும் வழங்குகின்றது. 2030ஆம் ஆண்டளவில் நாட்டின் மின்சாரத்தில் நூற்றுக்கு 70 வீதத்தைப் புதுப்பிக்கத்தக்க மூலங்களிலிருந்து பெறுவதென்றும், புதிதாக நிலக்கரி நிலையம் எதனையும் அமைப்பதில்லை என்றும், 2050இல் காபன் சமநிலையை அடைவதென்றும் இலங்கை அரசு 2021இல் உலகுக்கு உறுதி கூறியது. அதற்கு முன்னரே, 2017இல், ஆசிய அபிவிருத்தி வங்கியும் ஐக்கிய நாடுகள் அபிவிருத்தித் திட்டமும் இணைந்து ஓர் ஆய்வை வெளியிட்டன. 2050இல் மின்சாரம் முழுவதையும் புதுப்பிக்கத்தக்க மூலங்களிலிருந்தே பெற வேண்டுமாயின் ஏறத்தாழ 34,000 மெகாவாட் நிறுவுதிறன் வேண்டும் என்றும், அதில் பெரும் பங்கு காற்றும் வெயிலும் தருவன என்றும் அது கணித்தது. துணிவான கணிப்பு. நிலக்கரிக்கும் எண்ணெய்க்கும் அந்நியச் செலாவணியைக் கொட்டிய நாடு, 2022 மார்ச் இறுதியில் நாளொன்றுக்குப் பதின்மூன்று மணி நேரம் இருளில் மூழ்கியதை மறவாதவர் எவரும் இத்தகைய முயற்சியை எள்ளி நகையாடமாட்டார்.

எனவே, அறிவியலையோ கணிதத்தையோ நாம் பழிக்க வரவில்லை. திட்டமிடாத பொருளாதாரத்தின் கொடுமையை அறிந்தவர்கள் திட்டத்தை வெறுக்க முடியாது. ஆயின், ஒரு நாவலை வாசிக்கும்போது அதில் யார் பேசுகின்றனர், யார் பேசாது நிற்கின்றனர் என்று பார்ப்பது போலவே இவ்வெழுத்தையும் வாசிக்க வேண்டும் என்பதே நம் கருத்து.

இத்தகைய கணித மாதிரி எவ்வாறு உருவாகிறது? முதலில் எதிர்காலத் தேவை மதிப்பிடப்படுகிறது. பின் அத்தேவையை நிறைவு செய்யக்கூடிய நிலையங்கள் பட்டியலிடப்படுகின்றன. அவற்றுள் மிகக் குறைந்த செலவில் அமையும் சேர்க்கையைக் கணினி தெரிந்தெடுக்கிறது. இலங்கை மின்சார சபை தன் நீண்டகாலத் திட்டங்களுக்கு நெடுநாள் பயன்படுத்திய ‘வாஸ்ப்’ என்னும் மாதிரி, சர்வதேச அணுசக்தி முகவரகத்துக்காக 1970களின் தொடக்கத்தில் அமெரிக்காவிலே வடிவமைக்கப்பட்டது. அதன் கணிதத்தில் பிழை தேடுவது நம் வேலையன்று. அதற்குள் எவை எண்களாக நுழைகின்றன, எவை வாசலிலேயே நிறுத்தப்படுகின்றன என்பதே நம் கேள்வி.

தேவை என்பதை எடுத்துக்கொள்வோம். கடந்த காலத்தில் விற்பனையான மின்சாரம், தேசிய உற்பத்தியின் வளர்ச்சி ஆகியவற்றைக் கொண்டே அது பெரும்பாலும் கணிக்கப்படுகிறது. வாங்கியவனின் தேவை பதிவாகிறது. வாங்க இயலாதவனின் தேவை பதிவாவதில்லை. பத்துக்குப் பன்னிரண்டு அடிக் காம்பராவில் ஒரு விளக்கோடு வாழும் குடும்பம் நாளையும் ஒரு விளக்கோடுதான் வாழும் என்று அக்கணக்கு மௌனமாக முடிவு செய்துவிடுகிறது. இலங்கையில் ஆளொருவருக்கு ஆண்டொன்றுக்கு வெளியாகும் காபனீரொட்சைட்டு ஏறத்தாழ ஒரு தொன். உலகச் சராசரியோ அதன் நான்கு மடங்கிற்கு மேல். இந்தச் சிறிய எண்ணைப் பெருமையுடன் எடுத்துக்காட்டுவோர் உண்டு. அதிலே சிக்கனம் எவ்வளவு, வறுமை எவ்வளவு என்று பிரித்துக் காட்டுவோரைத்தான் காணோம்.

இனி அந்த விறகுக்கட்டுக்கு வருவோம். மரத்தை எரிப்பதால் எழும் காபனீரொட்சைட்டு, உலக நாடுகள் ஏற்றுக்கொண்ட கணக்கு முறைப்படி, எரிசக்தித் துறையின் கூட்டுத்தொகையில் சேர்வதில்லை. காடு, நிலம் பற்றிய பகுதியிலே பார்த்துக்கொள்ளப்படும் என்று ஒதுக்கப்படுகிறது. மரம் மீண்டும் வளரும் என்பதால் இதற்கு ஒரு நியாயமும் உண்டு. ஆனால் இதன் விளைவைக் கவனியுங்கள். புகை மண்டிய அடுப்பின் முன் இருமிக்கொண்டே ரொட்டி சுடும் தாய், காபனைப் பொறுத்தவரை எரிசக்திக் கணக்கிலே சுழியம். அவள் எரிவாயு அடுப்புக்கு மாறினாலோ, நாட்டின் காபன் கணக்கு அந்த அளவுக்கு உயர்ந்துவிடும்! அவளுடைய நுரையீரலுக்குக் கிடைக்கும் ஆறுதல் ஏட்டிலே நட்டமாகப் பதிகின்றது. 2022 ஏப்ரலில் பன்னிரண்டரைக் கிலோ எரிவாயுச் சிலிண்டரின் விலை 4,860 ரூபாயாக உயர்ந்தது. அன்று தோட்டத் தொழிலாளியின் நாட்கூலி 1,000 ரூபாய். ஒரு சிலிண்டருக்கு ஐந்து நாள் உழைப்பு! அவள் விறகை விரும்பித் தெரிவு செய்தாளென்று எவர் சொல்லத் துணிவார்?

இவ்விடத்தில் வரலாற்றையும் நினைவுகொள்ள வேண்டும். மலைநாட்டு நீரிலிருந்து மின்சாரம் பெறலாம் என்பதைப் பொறியியலாளர் டி. ஜே. விமலசுரேந்திர 1918இலேயே எடுத்துரைத்தார். 1950இல் லக்சபான நிலையம் இயங்கத் தொடங்கியது. 1985இல் 201 மெகாவாட் கொத்மலை. 2012இல் தலவாக்கலையிலே 150 மெகாவாட் மேல் கொத்மலை. 1990களின் நடுப்பகுதி வரையில் நாட்டின் மின்சாரம் ஏறக்குறைய முழுவதும் இந்த மலைகளின் நீரிலிருந்தே வந்தது. காபன் குறைந்த சமுதாயம் என்ற பெயர் பிறக்குமுன்னரே அதற்குரிய மின்சாரத்தை மலையகம் தந்துவிட்டது. கொத்மலையில் ஆயிரக்கணக்கான குடும்பங்கள் தம் வயலையும் வீட்டையும் நீருக்குக் கொடுத்துப் பெயர்ந்தன. மின்கம்பிகளோ லயங்களின் தலைக்கு மேலாகக் கொழும்புக்குச் சென்றன. கீழே காம்பராக்களில் நெடுங்காலம் மண்ணெண்ணெய் விளக்கே எரிந்தது. இன்று பெரும்பாலான லயங்களில் மின்விளக்கு எரிகிறது என்பது உண்மை. அந்தத் தாமதத்தின் விலையை எந்தத் திட்டமும் செலவாக எழுதியதில்லை என்பதும் உண்மையே.

புதிய வழிகளிலும் பழைய கதையே தொடருமோ என்று நாம் அஞ்சுகின்றோம். 2016இல் ‘சூரிய பல சங்கிராமய’ என்ற திட்டம் தொடங்கியது. வீட்டுக் கூரையிலே சூரியத் தகடு பதித்து, மிகும் மின்சாரத்தை விற்று வருவாயும் பெறலாம். நல்ல திட்டம், ஆனால் அதற்கு முதலில் ஒரு கூரை வேண்டும். இருநூறு ஆண்டுகளாக, முதலில் கோப்பியையும் பின்னர் தேயிலையையும் வளர்த்த சமூகத்தின் பெரும் பகுதிக்குத் தான் படுத்துறங்கும் லயத்தின் தகரமும் சொந்தமில்லை. ஏழு பேர்ச் காணியும் தனிவீடும் பெற்றோர் சிலரே. சொத்துரிமை இல்லாதவனுக்குச் சூரியனும் உரிமையாகாத விந்தையைக் கணித மாதிரி காட்டாது. ஏனெனில் அங்கே ‘கூரை’ என்பது பரப்பளவு மட்டுமே.

இன்னொன்றும் உண்டு. எதிர்காலச் செலவை இன்றைய பெறுமதிக்குக் குறைத்துக் கணிப்பது இத்தகைய மாதிரிகளின் வழக்கம். ஆண்டுக்குப் பத்து வீதம் என்று கொண்டால், முப்பது ஆண்டுகளுக்குப் பின் நேரும் நூறு ரூபாய் நட்டம் இன்று ஆறு ரூபாய்க்கும் குறைவு. கடன் கொடுப்பவனின் கணிதம் இது. 2025 நவம்பர் இறுதியில் ‘டித்வா’ சூறாவளி நாட்டில் அறுநூறுக்கு மேற்பட்டோரைப் பலிகொண்டபோது, மண்சரிவின் பேரடி மத்திய மலைநாட்டின் மீதே விழுந்தது. வளிமண்டலத்தை மிகக் குறைவாக மாசுபடுத்தியோர் சரிவுகளின் அடியிலே வாழ்கின்றனர். அவர்களுடைய நாளைய உயிரை ஆறு ரூபாயாக மதிக்கும் கணக்கை நாம் எப்படி ஏற்போம்?

“இவையெல்லாம் சமூகப் பிரச்சினைகள், மின் பொறியியலாளர் என் செய்வார்?” என்று கேட்கப்படலாம். கேள்வி நியாயமானது போலத் தோன்றும். ஆனால் மின்தடையால் நேரும் நட்டத்துக்கு ஓர் அலகுக்கு இத்தனை என்று விலை வைத்து மாதிரிக்குள் சேர்ப்பவர்கள் அவர்களே. தொழிற்சாலை நின்றால் ஏற்படும் இழப்பை எண்ணாக்க முடியுமாயின், விறகு தேடும் மணிநேரத்தையும் எண்ணாக்க முடியும். சமையலின் எரிசக்தியை மின்சாரத் திட்டத்துக்கு வெளியே விடாது ஒரே ஏட்டில் எழுத முடியும். தேவையை மதிப்பிடும்போது, ஒரு மனிதக் குடும்பம் கௌரவமாக வாழ வேண்டிய அளவை முதலில் எழுதிவிட்டு, மிகையாக நுகர்வோரிடமிருந்து குறைப்பைத் தொடங்க முடியும். முடியாதது எதுவுமில்லை, கேட்பார் இல்லாததே குறை.

கேட்க வேண்டியவர்கள் யார்? மலையகப் பாடசாலைகளில் கணிதமும் விஞ்ஞானமும் கற்பிக்கும் ஆசிரியர்களும், அங்கிருந்து பல்கலைக்கழகம் புகுந்த மாணவர்களும்தாம். இத்திட்டங்களை அயல்மொழி ஆவணங்களென ஒதுக்காமல் வாசியுங்கள். வகுப்பறைக்குக் கொண்டு செல்லுங்கள். ஒரு லயத்தில் ஒரு வாரத்துக்கு எத்தனை கட்டு விறகு, எத்தனை மணி நேரம், எத்தனை மைல் நடை என்று மாணவரைக் கொண்டே எண்ணி எழுதச் செய்யுங்கள். இறம்பொடையிலிருந்து அந்த எண்கள் கொழும்பின் மேசைக்குச் செல்லட்டும். காபன் குறைந்த சமுதாயம் வேண்டும் என்பதில் நமக்கு ஐயமில்லை. அதன் முதற் பக்கத்தில், கொழுந்துக் கூடையை இறக்கி வைத்தபின் அவள் தலையில் ஏறும் சுமை எழுதப்பட வேண்டும்.