சீப்பும் பிரஷ்ஷும் நடித்த படம்

1907-ல் அமெரிக்காவின் விட்டாகிராஃப் நிறுவனத்துக்காக ஜே. ஸ்டூவர்ட் பிளாக்டன் எடுத்த ‘தி ஹான்டட் ஹோட்டல்’ படத்தில் கத்தி தானே எழுந்து ரொட்டியை நறுக்கும். நூல் கட்டி இழுக்கிறார்கள் என்று யாரும் சொல்லிவிடக் கூடாதென்று மேஜையை மிக அருகில் காட்டினார் பிளாக்டன். துணிச்சலான ஆட்டம். ஆனால் அந்தக் காட்சியில் பொருள்கள் தனியாகத்தான் ஆடின. கூட ஆள் இல்லை.

ஆளையும் பொருளையும் ஒரே காட்சியில் மோதவிட்டவர் ஸ்பெயின்காரர் செகுண்டோ தெ சோமோன். பாரிஸின் பத்தே நிறுவனத்துக்காக 1908-ல் அவர் எடுத்த ‘எலெக்ட்ரிக் ஹோட்டல்’ படத்தில் பெட்டிகள் தாமாகவே அறைக்கு வந்து சேர்கின்றன. பிரஷ் ஷூவைத் துடைக்கிறது. நாற்காலியில் அமர்ந்த பெண்ணின் கூந்தலைச் சீப்பு வாருகிறது. அந்தப் பெண் ஜூலியன் மத்தியூ, சோமோனின் மனைவி. படத்தில் அவருக்குக் கணவனாக நடித்தவரும் சோமோனேதான்.

இந்தச் சீப்புக் காட்சியைத்தான் நான் திரும்பத் திரும்பப் பார்க்கிறேன். ஒரு படம் எடுத்து, கேமராவை நிறுத்தி, சீப்பை இம்மி நகர்த்தி, அடுத்த படம். விநாடிக்கு 16 படம் என்று வைத்தால், 10 விநாடிக்கு 160 முறை. அத்தனை முறையும் மத்தியூ அசையாமல் இருக்க வேண்டும். முகத்தில் சுகமும் மாறக் கூடாது. தோள் ஒரு விரலளவு விலகினாலும் திரையில் துள்ளல் தெரியும். தெரியவும் செய்கிறது, சில இடங்களில். எனக்கு அது குறையாகப் படவில்லை. மனித உடல் லேசாக நடுங்க, சீப்பு நிதானமாக இறங்குவதால்தான் சீப்புக்கு உயிர் இருப்பதாக நம்புகிறோம்.

பலவீனம் கடைசியில். குடித்திருக்கும் ஊழியர் இயந்திர அறையில் விசைகளைக் கண்டபடி திருப்ப, மேஜை நாற்காலியெல்லாம் தாறுமாறாகப் பாய்கின்றன. வேகம் கூடுகிறது, நடிப்பு காணாமல் போகிறது. அதுவரை ஒவ்வொரு பொருளுக்கும் தனி வேலை இருந்தது. இங்கே எல்லாம் வெறும் இரைச்சல்.

அதே ஆண்டு பிரான்ஸில் எமில் கோல் தீக்குச்சிகளை ஆட வைத்தார். அதுவும் நல்ல ஆட்டம்தான். ஆனாலும் அந்தக் காலத்துப் பொருள் நடிப்பில் என் ஓட்டு சோமோனின் சீப்புக்கும், அதன் கீழே அசையாமல் அமர்ந்திருந்த மத்தியூவுக்கும்தான். படம் யூட்யூபில் கிடைக்கிறது. அந்தக் காட்சி வரும்போது சீப்பை விட்டுவிட்டு அவர் தோளைக் கவனியுங்கள்.