வசைச்சொல்லே தலைப்பாக: அமுதனின் இரண்டு ஆவணப்படங்கள்

'பீ' (2003), 'செருப்பு' (2006). ஆர்.பி. அமுதன் தன் படங்களுக்கு வைத்த பெயர்கள் இவை. நம் வீடுகளில் இரண்டுமே வசைச்சொற்கள். படத்தைப் பற்றிப் பேசவேண்டுமென்றால் முதலில் இந்தச் சொல்லை வாய்விட்டுச் சொல்லியாக வேண்டும். விவாதம் அங்கேயே தொடங்கிவிடுகிறது.

நினைவு என்றவுடன் நம் ஆவணப்படக்காரர்கள் ஒரு கிழவரை உட்காரவைத்து, பழைய போட்டோவைக் காட்டி, பின்னால் புல்லாங்குழல் வாசிப்பார்கள். அமுதனிடம் அந்தச் சோலியே கிடையாது. 'பீ'யில் மதுரையின் ஒரு தெருவில் மலம் அள்ளும் பெண்ணைக் காமிரா பின்தொடர்கிறது. வேலையினூடே அவர் பேசுகிறார். கையால் மலம் அள்ளுவதைத் தடைசெய்த சட்டம் வந்தது 1993இல். படம் அதற்குப் பத்து வருஷம் கழித்து. நேற்று அள்ளியதையே இன்றும் அள்ளுகிறவர் எதை நினைவுகூர்வது? கடந்துபோனால்தானே நினைவு? சாதி இங்கே கடந்தகாலம் ஆவதேயில்லை. அமுதனுடைய அழகியலின் அடிப்படை இதுதான்.

'செருப்பு' திருச்சியில் செருப்புத் தைக்கும் அருந்ததியக் கிறித்தவர்களைப் பற்றியது. 1950ஆம் ஆண்டுக் குடியரசுத் தலைவர் ஆணைப்படி இந்து அல்லாதவர் பட்டியல் சாதியினர் இல்லை. 1956இல் சீக்கியருக்கும், 1990இல் பௌத்தருக்கும் கதவு திறந்தது. கிறித்தவருக்குத் திறக்கவில்லை. 2009இல் அருந்ததியருக்கு 3 சதவீத உள்ஒதுக்கீடு வந்தபோதும், அது பட்டியல் சாதிக்குள் என்பதால் இவர்கள் வெளியேதான். மதம் மாறியதும் சாதி போய்விட்டது என்கிறது அரசின் சொல்லாடல். தோலும் ஊசியுமாக இருக்கும் கை அதை மறுக்கிறது.

சரி, தொழிலை வைத்தே ஒருவரின் அடையாளத்தைக் காட்டினால், சாதி சொல்வதையே படமும் சொன்னதாகாதா? தோழர்கள் சிலர் கேட்கும் கேள்வி இது. பாதி நியாயம் இருக்கிறது. 'செருப்பு' பார்க்கிறவன் கைவேலையை ரசித்துவிட்டு, 'பாவம்' என்று எழுந்துபோக வழியிருக்கிறது. 'பீ'யில் அந்த வழி அடைபட்டுவிட்டது. தெருவில் கிடப்பது நம்முடையது. அள்ளுகிறவரின் அடையாளத்தைத் தேடிப்போன காமிரா, பேண்டவன் யார் என்று கேட்டுவிடுகிறது. அதனால் அமுதனின் வலுவான பிரதி 'பீ' என்றே நினைக்கிறேன்.

துவாக்குடியிலிருந்து பஸ் ஏறித் திருச்சிக்குப் போய் எத்தனையோ தடவை செருப்பு வாங்கியிருக்கிறேன். பேரம் பேசியிருக்கிறேன். யார் தைத்தது என்று ஒருநாளும் கேட்டதில்லை. மறதிக்கும் சாதி உண்டு. எனக்கு அது சௌகரியமாக இருந்திருக்கிறது.

இந்தப் படங்களைத் தலித் இயக்கக் கூட்டங்களிலும் இலக்கிய அரங்குகளிலும் மட்டும் போட்டுக்கொண்டிருப்பதில் அர்த்தமில்லை. அங்கே இருப்பவர்களுக்கு ஏற்கெனவே தெரியும். ஊர்த்தெருவில், அரசு ஊழியர் குடியிருப்பில் திரை கட்டுவோம். முதலில் நோட்டீஸில் இந்தத் தலைப்பை அச்சடிக்க எந்த அச்சகம் ஒத்துக்கொள்கிறது, பார்க்கலாம்.