டிஸ்க் கையில் இருந்தாலும்

அக்கா வீடு போடிமெட்டுக்கு அந்தப்பக்கம், ஏலத்தோட்டத்துக்குள். அக்கா மகனுக்கு வாங்கிய பிஎஸ்5 ஸ்லிம்மை, போடியில் என் வீட்டிலேயே செட்டப் பண்ணி முடித்துவிட்டுத்தான் மலை ஏற்றப்போகிறேன். காரணம் இருக்கிறது.

90களில் நாங்கள் ஆடிய டிவி கேமுக்குச் செட்டப் என்று பெரிதாக எதுவும் கிடையாது. ஆன்டெனா ஒயரைக் கழற்றி அதன் ஒயரைச் சொருகணும், சேனலைத் தேடணும், கேசட்டை அழுத்தணும். காண்ட்ரா ஓடும். கேம் முழுக்கக் கேசட்டுக்குள்ளேயே இருந்தது.

ஸ்லிம்மிலும் எச்டிஎம்ஐ ஒயர் மாட்டும்வரை எளிதுதான். ஆனால் அதன் டிஸ்க் டிரைவ் கழற்றி மாட்டும் வகை. முதல் முறை நெட் வழியாகப் பதிவானால்தான் டிஸ்க்கைப் படிக்கும். ஒரே ஒரு தடவைதான், ஆனால் சிக்னல் எட்டாத சரிவில் அந்த ஒரு தடவைக்கு என்ன செய்வது? காசு கொடுத்து வாங்கிய டிஸ்க் சும்மா கிடக்கும். மெனு மொழிகளில் தமிழும் இல்லை.

புதிதாக வாங்குபவர்களுக்கு: பெரியவர் கணக்கை முதலில் தொடங்குங்க, பிள்ளை கணக்கு அதன்கீழ். அப்டேட், டிரைவ் பதிவு, கேம் இன்ஸ்டால் எல்லாம் முடித்து, நெட்டைத் துண்டித்துவிட்டு ஒருமுறை ஆடிப் பாருங்க. கரண்ட் அடிக்கடி போகும் இடமென்றால் ரெஸ்ட் மோடில் விடாமல் முழுசா ஆஃப் பண்ணுங்க.

நானும் சாஃப்ட்வேர் எழுதுகிறவன்தான். ஆபீஸ் வைஃபையில் ஓடினால் எல்லா ஊரிலும் ஓடும் என்று நம்புகிற கூட்டம் நாங்கள். சர்வரை நிறுத்தும் நாளில் இந்த டிரைவை வேறொரு பெட்டியில் மாட்டினால் என்ன ஆகும் என்று யோசிக்கிறேன். பழைய கேசட்டுக்கு அந்தக் கவலை இல்லை.