விளக்குக்குள் இருந்தது பூதமா?

"சேர், ஜின் எண்டா பூதம்தானே? புத்தகத்துல அப்பிடித்தான் ஈக்கிது."

வெள்ளவத்தையிலிருந்து வரும் மாணவி ஒருத்தி போன தவணையில் கேட்ட கேள்வி இது. அவள் கையில் அலாவுதீன் கதையின் தமிழ்ச் சிறுவர் பதிப்பு. "இல்ல மகள்" என்று சொல்லிவிட்டேன். ஏன் இல்லை என்று விளக்க ஒரு பாடவேளை போதவில்லை.

முதலில் நம்மவர் பலர் பெருமையாகச் சொல்லும் ஒன்றைத் திருத்திக்கொள்வோம். 'ஆயிரத்தொரு இரவுகள்' நூலின் பழைய அறபு ஏடுகளில் அலாவுதீன் கதை இல்லை. அலெப்போ நகரத்து மாரோனைட் கிறிஸ்தவரான ஹன்னா தியாப் என்பவர் 1709இல் பாரிசில் அன்துவான் கலானுக்குச் சொன்ன கதை அது. கலான் அதைப் பிரெஞ்சில் எழுதித் தன் மொழிபெயர்ப்போடு சேர்த்துக்கொண்டார். ஆகவே இதை இஸ்லாமிய இலக்கியம் என்று உரிமை கோருவது சரியல்ல. ஷிர்க்கான கதை என்று தூக்கி எறிவதும் அவசரப் புத்திதான். கதை என்ன சொல்கிறது என்று பார்ப்பதே விமர்சனத்தின் வேலை.

அந்த விளக்கு உலகத்தின் ஒழுங்கையே புரட்டிப் போடும் கருவி. ஒரே இரவில் மாளிகை எழும்புகிறது. அதே மாளிகை இளவரசியோடு சேர்த்து ஆபிரிக்காவுக்குப் பெயர்கிறது. ஆனால் அந்தக் கருவிக்கு நல்லவன் கெட்டவன் என்ற பேதம் கிடையாது. அலாவுதீன் தேய்த்தாலும் ஜின் வரும். 'பழைய விளக்குக்குப் புது விளக்கு' என்று கூவி ஏமாற்றிய சூனியக்காரன் தேய்த்தாலும் வரும். கையில் வைத்திருப்பவன் எஜமான், அவ்வளவுதான். இந்த இடத்தோடு நின்றுவிட்டால் ஜின் வெறும் வேலைக்காரன்; 'பூதம்' என்ற சொல்லும் பொருந்திவிடும்.

ஆனால் கதை அங்கே முடியவில்லை. சூனியக்காரனின் தம்பி, பாத்திமா என்ற இறைபக்தையைக் கொன்று அவளுடைய வேடத்தில் மாளிகைக்குள் வருகிறான். மண்டபத்தின் கூரையில் ருக் பறவையின் முட்டையைத் தொங்கவிட்டால் அழகாக இருக்கும் என்று இளவரசிக்கு ஆசை காட்டுகிறான். அலாவுதீன் விளக்கைத் தேய்த்துக் கேட்கிறான். மாளிகையே அதிர ஜின் கத்துகிறது: என் எஜமானையே கொண்டுவந்து தொங்கவிடச் சொல்கிறாயா? உங்களைச் சாம்பலாக்கியிருக்க வேண்டும். ஆனால் இந்த ஆசை உன்னுடையதல்ல, வேடதாரியுடையது, அதனால் தப்பினாய் என்கிறது. கேட்டவனின் வாயைப் பார்க்காமல் அவன் நிய்யத்தைப் பார்த்துத் தீர்ப்புச் சொல்கிற ஒன்றை வெறும் கருவி என்று எப்படிச் சொல்வது?

நான் வகுப்பில் பயன்படுத்திய சிறுவர் பதிப்புகள் எதிலும் இந்த முட்டை இல்லை. அதை வெட்டியெறிந்த பிறகு மிஞ்சுவது கட்டளைக்குக் காத்துநிற்கும் பூதம் மட்டுமே.

'பூதம்' என்ற சொல்லையும் நான் குறை சொல்லவில்லை. சிலப்பதிகாரத்தில் வரும் புகார் நகரத்துச் சதுக்கப்பூதம், பொய்ச்சாட்சி சொல்பவரையும் பிறன்மனை நயப்பவரையும் தண்டிக்கிற காவல். தமிழ்ப் பூதத்துக்கும் அறம் இருந்தது. 1967இல் வந்த 'பட்டணத்தில் பூதம்' போன்ற படங்களுக்குப் பிறகு நம் பிள்ளைகளுக்கு அது சிரிப்பூட்டும் ஏவலாளாகிவிட்டது. அந்தப் பொருளைத்தான் மொழிபெயர்ப்பாளர்கள் ஜின்னின் தலையில் கட்டிவிட்டார்கள்.

கொட்டாஞ்சேனை வீட்டில் உம்மும்மா சொல்லுவா: "ஜின்னுக்கும் கேள்வி கணக்கு ஈக்கிது மகன்." குர்ஆன் சொல்வதும் அதுவே. நெருப்பிலிருந்து படைக்கப்பட்டாலும், மனிதரைப் போலவே வணக்கத்துக்காகப் படைக்கப்பட்டவை. அவற்றில் நல்லவையும் உண்டு, கெட்டவையும் உண்டு. சுலைமான் நபிக்கு ஜின்கள் வசப்படுத்திக் கொடுக்கப்பட்டன. ஸபா அரசியின் சிம்மாசனம் கண்ணிமைக்கும் நேரத்தில் முன்னால் வந்து நின்றபோது, நான் நன்றி செலுத்துகிறேனா இல்லையா என்று இறைவன் சோதிக்கிறான் என்றுதான் அந்த நபி சொன்னார்கள். அவர்கள் கைத்தடியில் சாய்ந்தபடி வபாத்தானதும் ஜின்களுக்குத் தெரியவில்லை; தடியைப் பூச்சி அரித்து உடல் விழும்வரை வேலை செய்துகொண்டே இருந்தன. மறைவானது ஜின்னுக்கும் தெரியாது. அலாவுதீன் கதையில் இல்லாதவை இவை இரண்டும்: அற்புதத்தைக் கண்டவுடன் வரும் நன்றியும் ஜின்னின் அறிவுக்கு உள்ள எல்லையும். வேடதாரியின் மனதைப் படித்துச் சொல்லும் அந்த ஜின் நம் அகீதாவுக்கு ஒத்துவராது. அதையும் பிள்ளைகளிடம் சொல்லித்தான் ஆக வேண்டும்.

முட்டைக் கதையை வகுப்பில் சொல்லி முடித்தேன். அதே மாணவி மறுபடி கை உயர்த்தினாள்: "அப்ப கடைசியில ஜின்ன ஆரு சேர் விட்டது?" அவள் 1992இல் வந்த டிஸ்னி படத்தைப் பார்த்திருக்கிறாள், அதில் ஜின் விடுதலையாகிறது. கலானின் கதையில் அப்படி இல்லை. அலாவுதீன் அரியணை ஏறுகிறான், ஜின்னை எல்லோரும் மறந்துவிடுகிறார்கள். "ஆரும் விடல்ல மகள்" என்றேன். "அது அநியாயம் சேர்" என்றாள். நான் மறுக்கவில்லை.

தமிழில் இக்கதையை அடுத்து யாராவது பதிப்பித்தால் முட்டையை வெட்டாதீர்கள். ஜின்னை ஜின் என்றே எழுதுங்கள். அப்போதுதான் அந்தப் பிள்ளை கேட்ட நியாயத்தை மற்றப் பிள்ளைகளும் கேட்பார்கள்.